தமெய்ன் கொடியின் கீழே நடந்த துரை

படம் பாதியில் ஓடிக்கொண்டிருந்தபோது டோ ம்யா குடையை எடுத்துக்கொண்டு எழுந்தார்.

காலை நேரம். பகல் காட்சி தொடங்குவதற்கு முன்னால் ஊ போ சான் ஒரு கொட்டகையை இரண்டு மணி நேரத்துக்குக் கேட்டு வாங்கி, நாங்கள் எடுத்த படத்தைத் தன் சொந்தக்காரர்களுக்கு முதல் தடவையாகப் போட்டுக் காட்டினார். படத்துக்கு முதலாளி அவர். டோ ம்யா அவருடைய அக்கா. வாத்தியக்காரர்கள் வரவில்லை. மெஷின் கடகடவென்று சுற்றுகிற சத்தம் மட்டும்தான்.

திரையில் கதாநாயகன் ராஜாவின் கையால் வாள் வாங்கப் போகிறான். வழியில் ஒரு துணிக்கொடி. பூப்போட்ட துணிகள் காற்றில் பறக்கின்றன. அவன் குனிந்து, கையால் துணியை விலக்கி, அடியில் நுழைந்து, சிரித்துக்கொண்டே இந்தப் பக்கம் வருகிறான். அதை எடுத்த அன்றைக்கு நாங்கள் கைதட்டினோம். அத்தனை அழகாக வந்திருந்தது.

கொட்டகையில் ஒருவரும் கைதட்டவில்லை. நாலைந்து இடத்தில் உச்சுக் கொட்டுகிற சத்தம் கேட்டது.

“இனி இவன் வாளை வாங்கினா என்ன, வாங்காட்டி என்ன,” என்றார் டோ ம்யா. “இவன்கிட்ட ஒண்ணும் மிச்சமில்லை. நான் வீட்டுக்குப் போறேன்.”

அந்தக் கதாநாயகனே எனக்குப் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார். என் தொடையைத் தட்டி, “முத்து, அந்த அம்மா என்ன சொல்றாங்க?” என்று கேட்டார்.

அவர்தான் ஆன்செல்ம் துரை. கனடா தேசத்துக்காரர். இந்த வாரம் அவர் கதை.

கண்ணாடி பிடித்த கை

க்யிம்யிண்டைங் துறையில் நான் அரிசி மூட்டை தூக்கிய காலத்தைச் சென்ற வாரம் எழுதியிருந்தேன். படித்துவிட்டு, “நீங்களா மூட்டை தூக்கினீங்க?” என்று என் கடைக்கே வந்து கேட்டவர்கள் உண்டு. தூக்கினேன். மற்றவன் ஒரு மூட்டைக்கு இரண்டு தடவை நின்று மூச்சு வாங்கும்போது நான் நிற்காமல் பலகை ஏறினேன். அதில் எனக்கு வெட்கம் இல்லை. சினிமாவுக்குள் என்னைக் கொண்டுபோய் விட்டதே அந்த முதுகுதான்.

அந்தக் காலத்தில் படம் பிடிக்க விளக்கு கிடையாது. சூரியன்தான் விளக்கு. ஒரு ஆள் உயரப் பலகையில் ஈயத் தாளை ஒட்டி, வெயிலைக் கண்ணாடிபோல அதில் வாங்கி நடிகர் முகத்தில் அடிக்க வேண்டும். காற்று அடித்தால் பலகை ஆடும். பலகை ஆடினால் முகத்தில் வெளிச்சம் ஆடும். எத்தனையோ பேரை வைத்துப் பார்த்தார்கள். ஆடாமல் பிடித்தவன் நான் ஒருவன். பர்மாவில் அந்த வருஷங்களில் வந்த படங்களில் முகம் தெளிவாகத் தெரிந்தால், அந்த வெளிச்சத்துக்குப் பின்னால் இந்த முத்தையா நிற்கிறான் என்று தெரிந்துகொள்ளுங்கள்.

பள்ளிக்கூடத்தில் நான் மூன்று மழைக்காலம்தான் உட்கார்ந்தேன். இப்போதும் நான் சொல்ல, என் மருமகன் எழுதுகிறான். எழுதத் தெரிந்தவன்தான் கதை சொல்லலாம் என்று எங்கேயும் சட்டம் இல்லை. இதை எனக்குப் புரியவைத்தவர் துரை.

துரை பிறந்த ஊரில் எல்லோரும் பிரெஞ்சு பேசுவார்களாம். அவருடைய அப்பா வண்டியில் பனிக்கட்டி விற்றவர். இங்கிலீஷ் அவருக்கும் பின்னால் வந்த பாஷை. எனக்கும் அப்படித்தான். அதனால் இரண்டு பேரும் வெட்கப்படாமல் தப்புத் தப்பாகப் பேசுவோம். சொல் கிடைக்காத இடத்தில் இந்துஸ்தானி போடுவோம், அதுவும் தீர்ந்தால் கையைப் போடுவோம்.

ஒரு நாடகக் கம்பெனியோடு கல்கத்தாவிலிருந்து கப்பலில் வந்தார். ரங்கூனில் கம்பெனி உடைந்தது. மற்றவர்கள் ஊருக்குக் கப்பல் ஏறினார்கள். இவர் மட்டும் ஊ போ சான் வாசலில் போய் நின்று, “எனக்கு நடிக்கத் தெரியும், கதையும் எழுதத் தெரியும்” என்றார்.

ஊ போ சான் வார்த்தை சுத்தமானவர். “ஒரு படம் தரேன். ஓடினா அடுத்த ரெண்டும் உன் கதை, உன் வேஷம். ஓடலைன்னா உன் ஊருக்கு டிக்கெட் நான் எடுத்துத் தரேன்,” என்றார்.

துரை எழுதின கதை இதுதான். பழைய காலத்தில் ஒரு பறங்கி மாலுமி கப்பல் உடைந்து சிரியம் கரையில் ஒதுங்குகிறான். கந்தல் துணி, முகமெல்லாம் தாடி. ஒரு மீன்காரி அவனுக்குச் சோறு போடுகிறாள். பிறகு அவன் பீரங்கி விடுவதில் பெயர் எடுத்து, ராஜா கையால் வாள் வாங்குகிறான். அவ்வளவுதான்.

அதை அவர் எழுதிய விதம்தான் வேடிக்கை. வெற்றிலைக் கடை பெஞ்சில் உட்கார்ந்து ஒரு வரி எழுதுவார், எழுந்து நின்று அதை நடித்துப் பார்ப்பார். மாலுமியாக நடிப்பார், ராஜாவாக நடிப்பார், மீன்காரியாக இடுப்பில் கூடை வைத்து நடப்பார். வெற்றிலை வாங்க வந்தவர்கள் வாங்கின பிறகும் போக மாட்டார்கள்.

சிரியத்தில் ஒரு காற்று நாள்

தன்லியின் என்று இப்போது சொல்கிற ஊரை அப்போது நாங்கள் சிரியம் என்போம். ஆற்றைக் கடக்க லாஞ்சுதான். கடைசிக் காட்சிகளை அங்கே எடுத்தோம்.

அன்றைக்குப் பர்மிய நடிகர்கள் எல்லோரும் கியாக்தான் போய்விட்டார்கள். ஆற்றுக்கு நடுவில் இருக்கிற பகோடாவைக் கும்பிட. ஊ போ சானும் போயிருந்தார். மிஞ்சியது மூன்று பேர். துரை, நான், கேமராக்காரர். அவர் வங்காளி, பாபு என்று கூப்பிடுவோம்.

மாலுமி வாள் வாங்க நடந்து போகிற காட்சி. துரை இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்து பார்த்தார். திருப்தி இல்லை.

“எங்க ஊர்ல வீட்டுக்குப் பின்னால சந்து இருக்கும் முத்து,” என்றார். “இந்த வீட்டுல இருந்து அந்த வீட்டுக்குத் துணிக்கொடி. சந்து முழுக்கத் துணி. நான் வீட்டுக்குப் போறதுன்னா அதுக்குக் கீழதான் போவேன். இங்கயும் அப்படி ஒரு கொடி இருந்தா, இவனும் ஒரு வீட்டுக்குப் போற மாதிரி இருக்கும்.”

கேட்டதும் நான் ஓடினேன். ஆற்றோரம் நம்மூர்ச் சலவைக்காரர் ஒருவர் துணி உலர்த்திக்கொண்டிருந்தார். மாரியண்ணன்.

“என்னப்பா, மூட்டை தூக்குறதை விட்டுட்டுத் துணி தூக்க வந்துட்டியா?” என்றார்.

“சினிமாவுக்கு அண்ணே. காத்துல நல்லா ஆடுற துணியாக் குடுங்க.”

“வேட்டி இருக்கு, எடுத்துக்க.”

“வெள்ளைத் துணி வெயில்ல கண்ணு கூசும்னு பாபு கத்துவாரு. பூப்போட்டது இல்லையா?”

“சினிமாக்காரன் ஆனதும் பூவெல்லாம் கேக்குது. அந்தா இருக்கு. மண்ணு படாமக் கொண்டாந்துரு.”

பூப்போட்டதெல்லாம் தமெய்ன். பர்மியப் பெண்கள் இடுப்பில் கட்டுகிற லுங்கி. எட்டு எடுத்து வந்தேன். இரண்டு மரத்துக்கு நடுவில், பார்க்க நன்றாக இருக்கட்டும் என்று, ஆள் தலைக்கு மேலே உயரமாக நானே கட்டினேன்.

எங்கள் லைன் வீடுகளில் சேலை வாசலுக்கு வாசல் தொங்கும். அதன் கீழேதான் எழுந்தோம், சாப்பிட்டோம், வேலைக்குப் போனோம். பர்மியப் பெண்கள் தமெய்னை வீட்டுப் பின்பக்கம் தாழ்வாகக் கட்டுவதைப் பார்த்திருக்கிறேன். ஏன் என்று ஒருநாளும் கேட்டதில்லை.

துரை நடந்தார். பாபு கைப்பிடியைச் சுற்றினார். நான் வெளிச்சத்தை ஆடாமல் பிடித்தேன். அந்த நேரம் சாலையோரத்தில் தலைத்தட்டோடு வெற்றிலை விற்கிற ஒரு பர்மியப் பெண், தட்டைக் கீழே வைத்துவிட்டு, இரண்டு கையையும் தூக்கி ஆட்டி என்னவோ கூவினாள். காற்றில் ஒன்றும் கேட்கவில்லை. கேமராவைப் பார்த்துக் குதிக்கிறாள் என்று நாங்கள் சிரித்தோம். துரை அவளுக்குக் கையைக் காட்டிவிட்டு, குனிந்து கொடியின் கீழே நுழைந்தார்.

பொய்க்கு மொழிபெயர்ப்பு

கொட்டகைக்குத் திரும்புகிறேன். டோ ம்யா எழுந்ததும் பின்னாலேயே மற்றப் பெண்களும் எழுந்தார்கள். ஊ போ சான் மெஷினை நிறுத்தச் சொன்னார். கதவைத் திறந்தார்கள். வெயில் உள்ளே விழுந்தது.

அவர் கத்தவில்லை. எங்கள் முன்னால் நாற்காலியைத் திருப்பிப் போட்டு உட்கார்ந்து பர்மா பாஷையில் சொன்னார். நான் துரைக்குச் சொன்னேன். ஆணாகப் பிறந்தவனுக்கு ஒரு தேஜசு உண்டு. அது தலையில் இருக்கிறது. தமெய்ன் தொங்குகிற கொடியின் கீழே தலையைக் கொடுத்தால் அது போய்விடும். பர்மாவில் எந்த ஆணும் அப்படிப் போக மாட்டான். வீரன் என்று காட்டுகிறவன் போனால், அதற்குப் பிறகு அவன் எத்தனை சண்டை ஜெயித்தாலும் ஜனம் நம்பாது.

துரை முகம் செத்துவிட்டது.

“அந்தக் கொடியை யார் கட்டினது?” என்று கேட்டார் ஊ போ சான்.

நான் வாயைத் திறந்தேன். சத்தம் வரவில்லை. இத்தனை வாரமாக என் தைரியத்தைப் படித்து வருகிறவர்களுக்கு இதையும் சொல்லத்தான் வேண்டும். மூட்டை, பலகை, துறை எல்லாம் ஒரு நிமிஷத்தில் கண்முன் வந்து நின்றன.

“என்ன கேக்கறார்?” என்றார் துரை.

சொன்னேன்.

துரை எழுந்து நின்றார். “நான்தான் கட்டினேன்னு சொல்லு. சலவைக்காரர்கிட்ட நானே போய் வாங்கினேன். முத்து வேண்டாம்னுதான் சொன்னான், நான் கேக்கலைன்னு சொல்லு.”

அங்கே இரண்டு பாஷையும் தெரிந்தவன் நான் ஒருவன். அந்தப் பொய்யை ஒரு சொல் விடாமல் பர்மாவில் சொன்னவனும் நான்தான்.

ஊ போ சான் நாற்காலியை விட்டு எழுந்தார். “மாசக் கடைசியில கப்பல் இருக்கு,” என்றார். “அதுவரைக்கும் என் வீட்டுல சாப்பிடச் சொல்லு.”

வெளியே வந்ததும், “ஏன் துரை அப்படிச் சொன்னீங்க?” என்று கேட்டேன்.

“கப்பல் ஏறினா எனக்கு ஒரு ஊர் இருக்கு. நீ எங்க போவே, மறுபடியும் மூட்டைக்கா?” என்றார். பிறகு, “மொஹிங்கா சாப்பிடலாம் வா, பசிக்குது,” என்றார். சாப்பிட்டோம். மீன் சாற்றில் போட்ட அரிசிச் சேமியாவை அவர் இரண்டு கிண்ணம் சாப்பிட்டார். எனக்கு ஒன்றே இறங்கவில்லை.

அவள் சிரிக்கவில்லை

கொடிக் காட்சியை வெட்டி எறிந்துவிட வேண்டியதுதானே என்பீர்கள். டோ ம்யா பார்த்துவிட்டார். டோ ம்யா பார்த்தால் சாயங்காலத்துக்குள் கடைத்தெரு முழுவதும் பார்த்த மாதிரி. வெட்டினால், “வெட்டிட்டாங்களாம்” என்று சொல்லிக்கொண்டே வருவார்கள். திரும்ப எடுக்கலாம் என்றால் மழைக்காலம் தொடங்கிவிட்டது, பிலிமும் தீர்ந்துவிட்டது.

மறுநாள் பாபு வீட்டுக்குப் போனேன். அங்கேதான் அவர் பிலிமை வெட்டி ஒட்டுவார். ஒட்டுகிற பசை பழுத்த வாழைப்பழம் மாதிரி வாசனை அடிக்கும். துரை ஒரு மூலையில் தன் டிரங்குப் பெட்டிமேல் உட்கார்ந்திருந்தார்.

நான் கொடிக் காட்சியை எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தேன். ஒன்றன்கீழ் ஒன்றாகச் சின்னச் சின்னப் படம். ஓரத்தில் அந்த வெற்றிலைக்காரி. முதல் படத்தில் கையைத் தூக்குகிறாள். அடுத்ததில் இரண்டு உள்ளங்கையும் எங்களைப் பார்த்து இருக்கின்றன. அடுத்ததில் அந்தக் கைகள் தள்ளுகின்றன. வாய் திறந்திருக்கிறது. கண்ணில் சிரிப்பு இல்லை.

“துரை, இங்க வாங்க,” என்றேன். “இவ சிரிக்கலை. தடுக்கறா.”

அவர் வந்து பார்த்தார். பாபுவும் பார்த்தார். நிஜமான ஒரு பர்மியப் பெண், நிஜமாகவே எங்களைக் காப்பாற்றப் பார்த்திருக்கிறாள். நாங்கள் அவளுக்குக் கையை ஆட்டியிருக்கிறோம்.

அப்போதுதான் எனக்கு வந்தது. யாரும் சொல்லித் தரவில்லை, எந்தப் புத்தகத்திலும் படிக்கவில்லை.

“இவன் அடியில போனதாவே இருக்கட்டும் துரை. இவ தடுத்தா, இவன் கேக்கலை. வாள் வாங்கப் போற திமிர். போனான், எல்லாம் போச்சு. முதல் சுருளைக் கொண்டுபோய்க் கடைசியில ஒட்டுங்க பாபு. கந்தல், தாடி, மீன்காரி சோறு. கப்பல் உடையறதையும் வாள் வாங்குறதையும் எடுத்துருங்க.”

“தலையை வெட்டி வால்ல ஒட்டச் சொல்றான்,” என்றார் பாபு.

துரை எழுந்தார். டிரங்குப் பெட்டியை நடுவில் இழுத்துப்போட்டு நடிக்க ஆரம்பித்தார். வாள் வாங்கப் போகிறவனாக நிமிர்ந்து நடந்தார். குனிந்தார். நிமிர்ந்தபோது தோள் ஒரு விரல் இறங்கியிருந்தது. அடுத்த அடியில் இன்னும் கொஞ்சம். கடைசியில் பெட்டிமேல் உட்கார்ந்து, இல்லாத தாடியைத் தடவி, இல்லாத சோற்றைப் பிசைந்தார். பாபு கத்தரிக்கோலை எடுத்தார்.

இடையில் வருகிற எழுத்து அட்டைகளை மாற்ற வேண்டும். பர்மா பாஷையில் எழுத வேண்டும். நான் துரையை அழைத்துக்கொண்டு நேராக டோ ம்யா வீட்டுக்குப் போனேன். அவர் வாசலில் மீன் பார்த்து வாங்கிக்கொண்டிருந்தார்.

“கொடிக்குக் கீழ போனவனை என் வீட்டுக்குள்ள கூட்டிட்டு வராதே, கோ முத்து,” என்றார். வாலிபர்களை அவர்கள் ‘கோ’ போட்டுத்தான் கூப்பிடுவார்கள்.

“வாசல்லயே நிக்கறார் அம்மா. நீங்க சொன்னது சரிதான்னு படத்துல எழுதணும். அதுக்குத்தான் வந்தோம்.”

கதையை நின்றபடியே சொன்னேன். அவர் மீனைக் கீழே வைத்தார்.

“உனக்குப் பர்மா எழுத வருமா?”

“தமிழே எனக்கு முட்டும் அம்மா.”

“அப்ப சொல்லு, நான் எழுதறேன். அந்த வெற்றிலைக்காரி என்ன சொல்லுவா?”

“அது உங்களுக்குத்தானே தெரியும்.”

டோ ம்யா யோசிக்கவே இல்லை. எழுதிவிட்டு வாசித்துக் காட்டினார். “இந்த வழி வேண்டாம் துரை, சுற்றிப் போங்க.”

கடைசியில் சோறு சாப்பிடுகிற இடத்துக்கு என்ன எழுதுவது என்று கேட்டேன். துரையைத் தலைமுதல் கால்வரை ஒரு தடவை பார்த்தார். “அங்க ஒண்ணும் எழுதாதே. சாப்பிடட்டும்,” என்றார்.

மூச்சு

முதல் காட்சியில் நான் பின்னால் நின்றேன். திரையைப் பார்க்கவில்லை, ஜனத்தைப் பார்த்தேன். வெற்றிலைக்காரி கையைத் தூக்கியதும் முன் பெஞ்சில் ஒருவன், “டேய், அவ சொல்றதைக் கேளுடா,” என்று பர்மா பாஷையில் கத்தினான். துரை குனிந்து நுழைந்ததும் கொட்டகை முழுவதும் சேர்ந்து ஒரே மூச்சு விட்டது. அந்தச் சத்தம் இன்றைக்கும் என் காதில் இருக்கிறது. கடைசியில் சோற்றுக்குக் கை நீட்டினபோது, கொடியைப் பார்த்து எழுந்து போன அதே பெண்கள் கண்ணைத் துடைத்தார்கள். டோ ம்யா முடிகிறவரை உட்கார்ந்திருந்தார். குடை மடியில் இருந்தது.

மாதக் கடைசிக் கப்பல் துரை இல்லாமல் போனது.

அதற்குப் பிறகு அவர் எழுதினார், நடித்தார். எல்லாம் திமிர் பிடித்து விழுகிறவன் வேஷம்தான். ஜனம் வேறு எதையும் கேட்கவில்லை. ஒருநாள், “வீரன் வேஷம் கேளுங்களேன் துரை,” என்றேன்.

“நிக்கிறவனுக்கு என்ன வேலை முத்து? நிக்கிறதுதான். விழறவனுக்குத்தான் ஒவ்வொரு படியிலயும் வேலை,” என்றார்.

க்யிம்யிண்டைங் கடைத்தெருவில் துணிக்கடைப் பெண்கள் அவரைக் கண்டால் ஒரு தமெய்னைத் தூக்கிப் பிடித்து, “துரை, இப்படி வாங்க, இதுதான் கிட்ட வழி,” என்பார்கள். அவர் நெஞ்சில் கை வைத்து, நடுங்கி, நாலு கடை சுற்றி அந்தப் பக்கம் போவார். தினமும் செய்வார். தினமும் சிரிப்பார்கள்.

நானும் அவரோடு சேர்ந்து கதை கட்டினேன். ஈயப் பலகையைப் பிடிக்க வேறு ஆள் வந்தான். ஆடத்தான் ஆடியது. என்னைப்போல வருமா?

பேசும் படம் வந்ததும் அவருடைய பர்மா பேச்சு செல்லுபடியாகவில்லை. ஊருக்குப் போனார். அங்கே ரேடியோவில் நாடகம் எழுதி, தானே பேசி நடித்துப் பெயர் வாங்கினார் என்று கடிதத்தில் தெரிந்தது. பிறகு ஒரு போட்டோ வந்தது. இப்போதும் என் கடைக் கல்லாவுக்கு மேலே மாட்டியிருக்கிறேன். அவர் சொன்ன அதே சந்து. இரண்டு பக்கமும் வீடு, நடுவில் கொடிகொடியாகத் துணி, கீழே பனி. துரை தலை நரைத்து, தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு, கொடிக்கு வெளியே ஓரமாக நிற்கிறார். பின்பக்கத்தில் எழுதியிருந்ததை என் மருமகன் வாசித்துச் சொன்னான். “இந்தச் சந்தில் எல்லோருக்கும் இதுதான் வழி. நான் மட்டும் சுற்றிப் போகிறேன்.”

படத்தின் அட்டையில் ‘கதை, ஆன்செல்ம்’ என்று ஒரு பெயர்தான் இருந்தது. முத்து பெயரையும் போடுங்கள் என்று துரை சண்டை போட்டும், இரண்டு பெயருக்கு இடம் இல்லை என்று ஊ போ சான் சொல்லிவிட்டார். என் பெயரைப் போடவில்லை என்று அன்றைக்கிருந்து இன்றைக்குவரை யாரைப் பார்த்தாலும் சொல்லிக்கொண்டிருக்கிறேன். கடைக்கு வருகிறவர்களுக்கு அது மனப்பாடம்.

கொடியைக் கட்டினவன் பெயரும் எங்கேயும் இல்லை. அதைப்பற்றி நான் ஒருநாளும் வாய் திறந்ததில்லை. ஊ போ சான் கடைசிவரை துரை என்றே நம்பினார். அவர் பிள்ளைகள் தமிழ் தெரிந்தவர்களை வாசிக்கச் சொல்லி இந்தப் பத்திரிகையைக் கேட்கிறவர்கள்.

கட்டியது நான். ரொம்ப நன்றாகவே கட்டியிருந்தேன், அந்தக் காற்றிலும் அவிழவில்லை.